விமானத் துறையின் விநியோகச் சங்கிலி: உதிரிபாகம் வந்துசேரும் வழியும் தடைபடும் இடங்களும் – முழுமையான வழிகாட்டி

விமான நிறுவனத்தின் உதிரிபாகப் பிரிவிலோ பராமரிப்புப் பணிமனையின் கொள்முதல் பிரிவிலோ புதிதாகப் பொறுப்பேற்பவர், பிற தொழில்களிலிருந்து கொண்டுவரும் ஒரு பழக்கத்தை வாசலிலேயே விட்டுவிட வேண்டும். கிடங்கில் சரக்கு எவ்வளவு குறைகிறதோ அவ்வளவு திறமை என்று எண்ணுவதே அந்தப் பழக்கம். இங்கே மிக மலிவான ஒரு வால்வு இல்லாமல் முழு விமானமே தரையில் நின்றுவிடும். நிற்கும் ஒவ்வொரு மணி நேரமும் அந்த வால்வின் விலையை விழுங்கிக்கொண்டே போகும். ஆனால் எல்லாவற்றையும் வாங்கிக் குவித்துவிடவும் முடியாது, ஏனெனில் ஆண்டுக்கணக்கில் யாரும் கேட்காத பாகங்களில் நிறுவனத்தின் முதலே முடங்கிவிடும். இந்த இரண்டுக்கும் நடுவே எப்படி நடப்பது என்பதைப் படிப்படியாக விளக்குவதே இந்த வழிகாட்டியின் நோக்கம்.

தொடங்கும் முன்பே மனத்தில் இருத்த வேண்டிய ஒன்று உண்டு. விமானப் பாகம் என்பது உலோகத்தால் ஆன பொருள் மட்டுமன்று. அதை யார் செய்தார், எந்த அங்கீகாரத்தின்கீழ் செய்தார், எத்தனை மணி நேரம் பறந்திருக்கிறது, கடைசியாக யார் திறந்து பார்த்தார் என்று சொல்லும் ஆவணமும் சேர்ந்ததே பாகம். ஆவணம் தொலைந்துபோன பாகம் பளபளவென்று புதிதாகவே இருந்தாலும் அதை விமானத்தில் பொருத்த முடியாது. கீழே வரும் படிகள் எல்லாவற்றிலும் இந்தப் பொருளும் ஆவணமும் பிரியாமல் ஒன்றாகப் பயணம் செய்ய வேண்டும் என்ற கவலையே மீண்டும் மீண்டும் வரும்.

முதல் படி: சங்கிலியின் குறுகலான இடங்களைக் கண்டறிதல்

போயிங் 787 விமானத்தில் சுமார் 23 லட்சம் பாகங்களும், ஏர்பஸ் ஏ380 விமானத்தில் சுமார் 40 லட்சம் பாகங்களும் உள்ளன. இவற்றைத் தயாரிப்போர் அடுக்கடுக்காக அமைந்திருக்கிறார்கள். மேலே விமானத்தை ஒருங்கிணைத்து முடிக்கும் நிறுவனம். அதற்குக் கீழே எஞ்சின், இறக்கை, தரையிறங்கு சக்கரத் தொகுதி போன்ற பெரும் பகுதிகளைத் தருபவர்கள். அவர்களுக்குக் கீழே பம்புகளையும் மின்கருவிகளையும் தருபவர்கள். எல்லாவற்றுக்கும் அடியில் வார்ப்புகள், ஃபோர்ஜிங் எனப்படும் அடித்து உருவாக்கிய பாகங்கள், டைட்டானியம், அலுமினியம், போல்ட் ஆகியவற்றைத் தருபவர்கள். பலரும் இதைக் கீழே போகப்போக விரியும் ஒரு மரமாகக் கற்பனை செய்துகொள்கிறார்கள். உண்மையில் அடிப்பகுதியில் இந்த மரம் மிகவும் குறுகிவிடுகிறது. பெரிய ஃபோர்ஜிங்குகளைச் செய்யும் ராட்சத அழுத்து இயந்திரங்கள் உலகில் விரல்விட்டு எண்ணக்கூடியவை; அமெரிக்காவில் 1950-களில் அரசுத் திட்டத்தின்கீழ் நிறுவப்பட்ட 50,000 டன் அழுத்து இயந்திரங்கள் பல பத்தாண்டுகளாக இன்றைய விமானங்களுக்கும் பாகங்களைத் தந்துவந்திருக்கின்றன. இரண்டு போட்டி நிறுவனங்களிடம் பிரித்து வாங்கினால் ஆபத்து குறையும் என்று நினைக்கும் கொள்முதல் அதிகாரி, அந்த இரு நிறுவனங்களுமே ஒரே வார்ப்பாலையிடம் வாங்குகின்றன என்பதைப் பல நேரங்களில் தாமதமாகத்தான் அறிகிறார்.

2025 பிப்ரவரியில் பென்சில்வேனியாவில் விமானப் போல்ட்டுகளும் பிற இணைப்பாணிகளும் செய்யும் எஸ்பிஎஸ் டெக்னாலஜிஸ் ஆலை தீக்கிரையானபோது பெரிய விமானத் தயாரிப்பாளர்களே கவலைப்பட்டதற்கு இதுதான் காரணம். போல்ட் சிறிய பொருள்தான். ஆனால் அதைச் செய்ய அங்கீகாரம் பெற்ற ஆலைகள் சிலவே, புதிய ஆலை ஒன்று தகுதி பெறுவதற்கோ நெடுங்காலம் பிடிக்கும்.

போயிங் 787-இன் தொடக்ககால வரலாறு இந்தப் படிக்கு மிகச் சிறந்த பாடம். இறக்கைகள் ஜப்பானிலும், உடலின் ஒரு பகுதி இத்தாலியிலும், வேறு பகுதிகள் அமெரிக்காவின் வெவ்வேறு ஊர்களிலும் செய்யப்பட்டு, மாற்றியமைத்த 747 சரக்கு விமானங்களில் ஏற்றிவரப்பட்டு, ஒரே இடத்தில் விரைவாகப் பொருத்தப்பட வேண்டும் என்பது திட்டம். வந்துசேர்ந்த பகுதிகள் பாதியிலேயே நின்றவையாக இருந்தன. 2007 ஜூலை 8 அன்று உலகுக்குக் காட்டப்பட்ட விமானத்தில் பல இடங்களில் தற்காலிக ஆணிகளே இருந்தன, ஏனெனில் உரிய ஆணிகளுக்குக் கடும் பற்றாக்குறை. முதல் பறப்பு 2009 டிசம்பர் 15 அன்று நிகழ்ந்தது. 2008-இல் தொடங்கியிருக்க வேண்டிய ஒப்படைப்பு 2011 செப்டம்பரில்தான் தொடங்கியது. வேலையை வெளியே கொடுத்தது மட்டும் இதற்குக் காரணமன்று. கொடுத்த வேலை எந்த நிலையில் இருக்கிறது என்பதைக் கீழ் அடுக்குகள்வரை இறங்கிப் பார்க்கும் கண் இல்லாமல் போனது அதைவிடப் பெரிய காரணம் என்பது என் கருத்து.

ஏ380-க்கு நேர்ந்தது வேறு விதம். ஜெர்மனியிலும் ஸ்பெயினிலும் இருந்த வடிவமைப்பாளர்கள் கேட்டியா என்ற வடிவமைப்பு மென்பொருளின் ஒரு பதிப்பையும், பிரான்சிலும் பிரிட்டனிலும் இருந்தவர்கள் அதற்கு அடுத்த பதிப்பையும் பயன்படுத்தினார்கள். விளைவாக, நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் நீளமுள்ள மின்கம்பித் தொகுதிகள் பொருத்தும் இடத்தில் வந்து அமரவில்லை. கம்பி சரியாக இருந்தும் அதன் தரவு சரியாக இல்லாததால் திட்டம் ஏறத்தாழ இரண்டு ஆண்டுகள் பின்தங்கியது.

ஆகவே உங்கள் நிறுவனத்தில் முதலில் செய்ய வேண்டியது ஒரு வரைபடம். விமானத்தை நிறுத்தக்கூடிய பாகங்களின் பட்டியலை எடுத்து, ஒவ்வொன்றும் யாரிடமிருந்து வருகிறது, அவருக்கு யாரிடமிருந்து வருகிறது, மாற்று வழி உண்டா, பழுதுபார்க்க எத்தனை பணிமனைகளுக்கு அங்கீகாரம் உண்டு என்று இரண்டு அடுக்காவது கீழே இறங்கி எழுதுங்கள். ஒரே பெயர் பல பாகங்களின் அடியில் வந்து நிற்கும் இடமே உங்கள் குறுகலான இடம்.

இரண்டாம் படி: பாகங்களை வகைப்படுத்துதல்

கிடங்கில் உள்ளவற்றை ஒரே விதியால் ஆள முடியாது. ரோட்டபிள் என்பவை பழுதுபார்த்துப் பழுதுபார்த்துத் திரும்பத் திரும்பப் பயன்படுபவை; தனித்தனி சீரியல் எண்ணால் பின்தொடரப்படுபவை. பிரேக், ஹைட்ராலிக் பம்ப், விமானியறைக் கணினிகள் இந்த வகையைச் சேர்ந்தவை. சில பாகங்களைப் பழுதுபார்க்க முடியும், ஆனால் ஓரளவுக்கு மேல் அது பயன்தராது. ஒருமுறை பயன்படுத்தி எறிபவை வடிகட்டிகள், ரப்பர் வளையங்கள், ஆணிகள். எண்ணெய், பசை, சீலன்ட் எனப்படும் கசிவடைப்பான் ஆகியவை நுகர்பொருட்கள். இவற்றுக்கு அப்பால் தனியாக நிற்பவை ஆயுள் வரையறுக்கப்பட்ட பாகங்கள். எஞ்சினுக்குள் சுழலும் வட்டுகள் இத்தகையவை. எத்தனை முறை பறந்து இறங்கினால் கழற்றி எறிய வேண்டும் என்பது முன்கூட்டியே எழுதப்பட்டிருக்கும். அத்தகைய வட்டுக்குப் பிறந்த நாள் முதல் இன்றுவரை ஓர் இடைவெளிகூட இல்லாத வரலாறு வேண்டும். நடுவில் ஒரு விமான நிறுவனம் திவாலாகிப் பதிவேடுகள் சிதறிப்போனால், அந்த வட்டின் மதிப்பும் அத்தோடு போயிற்று.

இந்தப் பிரிவோடு, பாகம் இல்லாமல் விமானம் புறப்படலாமா என்ற கேள்வியையும் சேர்க்க வேண்டும். குறைந்தபட்சக் கருவிப் பட்டியல் என்ற ஆவணம் இதற்கு விடை சொல்கிறது. பி பிரிவில் உள்ள பழுதை 3 நாட்களுக்குள்ளும், சி பிரிவில் உள்ளதை 10 நாட்களுக்குள்ளும், டி பிரிவில் உள்ளதை 120 நாட்களுக்குள்ளும் சரிசெய்ய வேண்டும். ஏ பிரிவுக்கு ஒவ்வொன்றுக்கும் தனிக் கெடு. பட்டியலில் இல்லாத, பறப்புக்கு அவசியமான பாகம் பழுதானால் விமானம் நின்றுவிடும். 120 நாள் அவகாசம் உள்ள பாகத்தை ஒவ்வொரு விமான நிலையத்திலும் வாங்கி வைப்பது வீண். அவகாசமே இல்லாத பாகத்தைத் தொலைவிலுள்ள ஒரே கிடங்கில் வைப்பது ஆபத்து.

மூன்றாம் படி: எத்தனை வைத்திருப்பது என்று கணக்கிடுதல்

இந்தக் கணக்கை ஊகத்துக்கு விடக்கூடாது என்பதில் நான் உறுதியாக இருக்கிறேன், ஏனெனில் அனுபவசாலிகளின் ஊகம்கூடக் கடைசியாக நடந்த நெருக்கடியின் பக்கமே சாயும். ஓர் எடுத்துக்காட்டைப் பார்ப்போம். 20 விமானங்கள்; ஒவ்வொன்றிலும் ஒரே வகை வால்வு 2; ஒரு விமானம் ஆண்டுக்கு 3,000 மணி நேரம் பறக்கிறது; வால்வு சராசரியாக 10,000 மணி நேரத்துக்கு ஒருமுறை கழற்றப்படுகிறது. 20-ஐ 2-ஆலும் 3,000-ஆலும் பெருக்கி 10,000-ஆல் வகுத்தால், ஆண்டுக்கு 12 கழற்றல்கள். கழற்றிய வால்வு பழுதுபார்க்கப்பட்டுக் கிடங்குக்குத் திரும்ப 45 நாள் ஆகுமானால், எந்த ஒரு நாளிலும் சராசரியாக ஏறத்தாழ 1.5 வால்வுகள் வெளியே இருக்கும்.

சராசரி 1.5 என்பதால் 2 வைத்தால் போதும் என்று தோன்றும். போதாது. பழுதுகள் வரிசையில் நின்று வருவதில்லை. சில வாரங்கள் ஒன்றும் வராமல், ஒரே வாரத்தில் மூன்று வரும். தற்செயலாக வரும் நிகழ்வுகளின் எண்ணிக்கையைக் கணிக்க உதவும் பாய்சான் பரவலைக் கொண்டு கணக்கிட்டால், 2 மாற்று வால்வுகள் இருக்கையில் சுமார் 81 விழுக்காடும், 3 இருக்கையில் சுமார் 94 விழுக்காடும், 4 இருக்கையில் சுமார் 98 விழுக்காடும் நிலைமையைச் சமாளிக்க முடியும். 95 விழுக்காடு வேண்டும் என்று நிறுவனம் தீர்மானித்தால் 4 வாங்க வேண்டும்.

இனி, பழுதுபார்க்கும் பணிமனையில் உட்பாகங்கள் கிடைக்காமல் 45 நாள் 90 நாளாகிறது என்று வைத்துக்கொள்வோம். அதே 4 வால்வுகள் இப்போது 82 விழுக்காட்டுக்குத்தான் போதும். 95 விழுக்காட்டு இலக்கை மீண்டும் எட்ட 6 வேண்டும். உங்கள் விமானங்கள் கூடவில்லை, வால்வின் தரம் குறையவில்லை, ஆனாலும் தேவை ஒன்றரை மடங்காகிவிட்டது. உலகெங்கும் எல்லா நிறுவனங்களும் ஒரே நேரத்தில் அந்தக் கூடுதல் இரண்டை வாங்கப் புறப்படும்போது சந்தையில் வால்வே கிடைக்காமல் போகிறது. பற்றாக்குறை தன்னைத் தானே வளர்த்துக்கொள்கிறது. ஆதலால் புதிய பாகம் வாங்கப் பணம் கேட்பதற்கு முன், பழுதுபார்ப்புக்குப் போனவை ஏன் திரும்பவில்லை என்று கேளுங்கள். அந்த 45 நாளைப் பிரித்துப் பார்த்தால், கழற்றிய பாகம் அனுப்பப்படாமல் நம் கிடங்கிலேயே கிடந்த நாட்கள், விலை மதிப்பீட்டுக்கு நாம் ஒப்புதல் தராமல் கிடப்பில் போட்ட நாட்கள், சுங்கத்தில் நின்ற நாட்கள் என்று பணிமனையோடு தொடர்பே இல்லாத பகுதி கணிசமாக இருக்கும். அந்த நாட்களைக் குறைப்பதற்குச் செலவு ஏறத்தாழ இல்லை.

இந்தக் கணக்குக்கும் எல்லை உண்டு. ஒரே காலத்தில் வாங்கிய விமானங்களில் ஒரே பாகம் ஒரே காலத்தில் தேய்ந்துபோகும். அப்போது பழுதுகள் ஒன்றுக்கொன்று தொடர்பற்றவை என்ற அனுமானம் உடைந்துவிடும். சரக்கைப் பல நிலையங்களில் பிரித்து வைத்தாலும் மொத்தத் தேவை கூடும்.

நான்காம் படி: வாங்கும் வழியைத் தேர்ந்தெடுத்தல்

சொந்தமாக வாங்கி வைப்பது ஒரு வழி மட்டுமே. பறந்த மணிக்கு இவ்வளவு என்று கட்டணம் செலுத்தி, பராமரிப்புப் பொறுப்பைத் தயாரிப்பாளரிடமே விட்டுவிடும் முறை 1962-இல் பிரிட்டனின் பிரிஸ்டல் சிட்லி நிறுவனம் வைப்பர் எஞ்சினுக்காகத் தொடங்கியது. இன்று எஞ்சின்களுக்கு இது பரவலான ஏற்பாடு. சிறிய நிறுவனத்துக்கு இது நிம்மதி தரும், ஆனால் ஒப்பந்தத்தில் பாகம் எத்தனை மணி நேரத்துக்குள் கைக்கு வர வேண்டும், தவறினால் என்ன இழப்பீடு, எவை விலக்கப்பட்டவை என்பவற்றை வரிவரியாகப் படிக்க வேண்டும். பல நிறுவனங்கள் சேர்ந்து பொதுக் கையிருப்பு வைப்பதும், பழுதான பாகத்தைக் கொடுத்து நல்லதை வாங்கும் பரிமாற்றமும் உண்டு. ஓய்வுபெற்ற விமானங்களைப் பிரித்தெடுத்துக் கிடைக்கும் பாகங்கள், விமானத்தின் மூலத் தயாரிப்பாளர் அல்லாத வேறொருவர் ஒழுங்குமுறை அமைப்பின் ஒப்புதலோடு செய்யும் மாற்றுப் பாகங்கள் ஆகியவையும் முறையானவையே. குத்தகை விமானமாக இருந்தால், இவற்றைப் பொருத்துவதற்குக் குத்தகைக்கு விட்டவர் தடை விதித்திருக்கிறாரா என்று முதலில் பார்க்க வேண்டும். விமானத்தைத் திருப்பிக் கொடுக்கும் நாளில் இதனால் வரும் தகராறு மிகுந்த செலவு வைக்கும்.

ஐந்தாம் படி: வந்த பாகத்தைப் பரிசோதித்து ஏற்றல்

பெட்டியைத் திறக்கும் மேசையே இந்தத் தொழிலின் காவல் வாசல். பாக எண், சீரியல் எண், அளவு ஆகியவற்றோடு, பாகம் பொருத்தத் தகுதியானது என்று சான்றளிக்கும் படிவம், அதாவது அமெரிக்க விமான ஒழுங்குமுறை அமைப்பான எஃப்ஏஏ-வின் 8130-3 படிவமோ ஐரோப்பிய அமைப்பான ஈயாசாவின் படிவம் 1-ஓ, உரிய முறையில் நிரப்பப்பட்டிருக்கிறதா, கையெழுத்திட்ட நிறுவனத்துக்கு அந்த வேலைக்கு அங்கீகாரம் உண்டா என்று பார்க்க வேண்டும். ஐயம் எழுந்தால் பாகத்தைப் பூட்டிய தனியறையில் வைத்துவிட்டு, படிவத்தைக் கொடுத்தவராகச் சொல்லப்படும் நிறுவனத்திடமே நேரில் உறுதிசெய்ய வேண்டும். விற்றவரிடம் கேட்பது உறுதிசெய்தல் ஆகாது.

இந்த எச்சரிக்கைக்குப் பின்னால் உயிர்கள் இருக்கின்றன. 1989 செப்டம்பர் 8 அன்று நார்வேயின் பார்ட்னேர் நிறுவனத்தின் கான்வேர் 580 விமானம் டென்மார்க் கடற்கரைக்கு அப்பால் விழுந்து அதில் இருந்த 55 பேரும் இறந்தார்கள். வால் துடுப்பைப் பிணைத்த போல்ட்டுகளில் தரமற்ற போலிகள் இருந்ததை விசாரணை கண்டறிந்தது. 2023-இல், லண்டனிலிருந்து இயங்கிய ஏஓஜி டெக்னிக்ஸ் நிறுவனம் போலிச் சான்றிதழ்களோடு எஞ்சின் பாகங்களை விற்றிருந்தது வெளிப்பட்டபோது, உலகில் மிக அதிகமாகப் பயன்படும் எஞ்சின் வகையான சிஎஃப்எம்56-ஐக் கொண்ட பல நிறுவனங்கள் தங்கள் எஞ்சின்களைக் கழற்றிச் சரிபார்க்க நேர்ந்தது. 2024-இல் டைட்டானியத்தின் மூலத்தைப் பற்றிய போலி ஆவணங்கள் போயிங், ஏர்பஸ் இரண்டின் சங்கிலியிலும் புகுந்திருந்தது தெரியவந்தது. பற்றாக்குறைக் காலத்தில்தான் போலிகள் பெருகும், ஏனெனில் அப்போதுதான் பரிசோதனை மேசையில் இருப்பவரை எல்லோரும் அவசரப்படுத்துகிறார்கள். அவரை விமானப் பணி அட்டவணையின் அழுத்தத்திலிருந்து காப்பது மேலாளரின் கடமை.

ஆவணம் இல்லாமல் போவதன் விளைவு தயாரிப்பு ஆலைக்குள்ளும் நிகழும். 2024 ஜனவரி 5 அன்று அலாஸ்கா ஏர்லைன்ஸின் 737 மேக்ஸ் 9 விமானத்தில் பயன்படாத கதவிடத்தை மூடியிருந்த கதவடைப்புப் பலகை நடுவானில் பிய்த்துக்கொண்டு போனது. வெளி நிறுவனத்திலிருந்து வந்த உடற்பகுதியில் பழுதான ரிவெட்டுகளைச் சரிசெய்வதற்காக அந்தப் பலகை ஆலையில் திறக்கப்பட்டிருந்தது. திறந்ததற்குப் பதிவு இல்லாததால், நான்கு போல்ட்டுகள் திரும்பப் பூட்டப்படாததை யாரும் கவனிக்கவில்லை.

ஆறாம் படி: சேமிப்பும் போக்குவரத்தும்

பிசின் ஊறிய கூட்டிழைத் தாள்கள் சுமார் −18 பாகை செல்சியஸில் உறைநிலையில் இருக்க வேண்டும். வெளியே எடுத்த ஒவ்வொரு மணி நேரமும் ஆயுளில் கழியும். சீலன்டுக்கும் ரப்பர் வளையத்துக்கும் காலாவதித் தேதி உண்டு. முதலில் காலாவதியாவதை முதலில் எடுத்துக்கொடுக்க வேண்டும். எஞ்சினை அதற்கென்றே உள்ள தாங்கியில், அதிர்வு தாங்கும் அமைப்போடு மட்டுமே சாலையில் கொண்டுசெல்ல வேண்டும்.

அபாயப் பொருட்களுக்குத் தனிக் கவனம் தேவை. உயிர்காப்புத் தெப்பம், லித்தியம் மின்கலம், தீயணைப்புக் குடுவை, ஆக்சிஜன் உற்பத்திக் கலன் எல்லாம் உதிரிபாகங்களாகவே வந்துபோகும். 1996 மே 11 அன்று வாலுஜெட் 592 விமானத்தில், காலாவதியாகிக் கழற்றப்பட்ட ஆக்சிஜன் கலன்கள் பாதுகாப்பு மூடிகள் இல்லாமல், காலிக் கலன்கள் என்ற குறிப்போடு சரக்கறையில் ஏற்றப்பட்டன. அவை பற்றி எரிந்து, 110 பேர் உயிரிழந்தார்கள். பழுதான பாகத்தைத் திருப்பி அனுப்பும் வேலையைக் கடைநிலை வேலையாக நினைப்பவர்கள் இதை நினைவில் வைக்க வேண்டும்.

ஏழாம் படி: விமானம் நின்றுவிட்டால்

ஏஓஜி என்று தொழிலில் சொல்லப்படும் இந்த நிலைக்கு முன்கூட்டியே ஒழுங்கு வகுத்திருக்க வேண்டும். இரவு எந்த நேரத்திலும் தொகைக்கு ஒப்புதல் தரும் அதிகாரம் யாருக்கு, எந்தக் கிடங்கை முதலில் கேட்பது, எந்தச் சரக்கு முகவர் பாகத்தைக் கையோடு எடுத்துச் செல்வார், போகும் நாட்டின் சுங்கத்துக்கு என்ன தாள்கள் வேண்டும் என்பவை எழுத்தில் இருக்கட்டும். நிற்கும் இன்னொரு விமானத்திலிருந்து பாகத்தைக் கழற்றிப் பொருத்துவது மிக எளிய வழியாகத் தெரியும். ஆனால் ஒரே வேலையை இரண்டு முறை செய்ய வேண்டும், கழற்றும்போது நல்ல பாகமும் சேதமாகலாம், பதிவேடுகளில் குழப்பம் வரலாம். அடிக்கடி இதைச் செய்ய நேர்ந்தால் அதை மூன்றாம் படிக் கணக்கு தவறிவிட்டதன் அறிகுறியாகக் கொள்ளுங்கள்.

எட்டாம் படி: இன்றைய நெருக்கடியைக் கணக்கில் சேர்த்தல்

ஏர்பஸ் 2019-இல் 863 விமானங்களை ஒப்படைத்தது. பெருந்தொற்று ஆண்டான 2020-இல் அது 566 ஆனது. 2024-இலும் 766-ஐத்தான் எட்டியது. ஆர்டர்கள் குவிந்திருந்தும் எண்ணிக்கை மீளாததற்குக் காரணம், பெருந்தொற்றில் வெளியேறிய அனுபவமிக்க தொழிலாளர்களின் இடத்தைப் புதியவர்கள் நிரப்ப ஆண்டுகள் ஆவதும், வார்ப்பு, எஞ்சின், இருக்கை எனப் பல இடங்களில் ஒரே நேரத்தில் தட்டுப்பாடு வந்ததும்தான். உக்ரைன் போருக்குப் பின் போயிங் ரஷ்ய டைட்டானியம் வாங்குவதை நிறுத்தியது. 2024-இல் போயிங் தொழிலாளர்களின் வேலைநிறுத்தம் 50 நாட்களுக்கு மேல் நீடித்தது.

எஞ்சின்களில் நேர்ந்ததே எல்லாவற்றிலும் கனமானது. ஏ320நியோ விமானங்களில் பொருத்தப்படும் பிராட் அண்ட் விட்னியின் ஜிடிஎஃப் எஞ்சின் வட்டுகளைச் செய்யும் உலோகத் தூளில் மாசு கலந்திருந்ததாக 2023 ஜூலையில் அறிவிக்கப்பட்டது. 2015-இன் இறுதி முதல் 2021 வரை செய்யப்பட்டவை இதில் அடங்கும். நூற்றுக்கணக்கான எஞ்சின்களைக் கழற்றிப் பரிசோதிக்க வேண்டியிருந்தது. ஓர் எஞ்சின் கழற்றப்பட்டு மீண்டும் இறக்கைக்குத் திரும்ப 250 முதல் 300 நாட்கள் ஆகும் என்று நிறுவனமே மதிப்பிட்டது. அடிமட்டத்தில் இருந்த ஒரு தூள், உச்சியில் நூற்றுக்கணக்கான விமானங்களை நிறுத்திவிட்டது.

இதன் நடைமுறை விளைவு நேரடியானது. புதிய விமானம் தாமதமாவதால் பழைய விமானங்கள் திட்டமிட்டதைவிட நெடுநாள் பறக்கின்றன. பழைய விமானம் அதிகப் பாகங்களைத் தின்கிறது. ஓய்வுபெறும் விமானங்கள் குறைவதால் பிரித்தெடுத்த பாகங்களும் சந்தைக்குக் குறைவாகவே வருகின்றன. எனவே மூன்றாம் படியில் போட்ட கணக்கை ஆண்டுக்கு ஒருமுறை என்றில்லாமல் காலாண்டுக்கு ஒருமுறை, உண்மையில் பதிவான பழுதுபார்ப்பு நாட்களைக் கொண்டு திரும்பப் போடுங்கள். குத்தகையை நீட்டிக்கும் முடிவு எடுக்கும் கூட்டத்தில் உதிரிபாகப் பிரிவுக்கும் ஓர் இருக்கை கேளுங்கள்.

இறுதிப் படி: கழித்தல்

பழுதுபார்க்க முடியாத பாகத்தைச் சிவப்புச் சீட்டு ஒட்டிக் குப்பைக்கு அனுப்பினால் வேலை முடிந்துவிடாது. சீரியல் எண் தெரியும்படி முழுதாக வெளியேறும் பாகம், மெருகேற்றப்பட்டு, புதிய சான்றிதழோடு இன்னொருவர் மேசைக்கு வந்துசேரக்கூடும். ஆகவே அறுத்தோ, துளைத்தோ, நசுக்கியோ மறுபடி பயன்படுத்த முடியாதபடி சிதைத்து, எண் பொறித்த தகட்டை அழித்து, யார் முன்னிலையில் எந்த நாளில் சிதைக்கப்பட்டது என்று கையெழுத்தோடு பதிவு செய்து, அந்தப் பாகத்தின் கோப்பை அப்போதுதான் மூட வேண்டும்.